பத்தாயிரம் என்று எழுதப்பட்ட வீணை: பார்சல் சேதமும் இழப்பீட்டு வரம்பும் – ஒரு நிகழ்வு ஆய்வு

பின்னணி

தஞ்சாவூரில் மூன்று தலைமுறையாக வீணை செய்துவரும் குடும்பம் அது. தந்தைக்கு 68 வயது. மகன் பட்டறை வேலையோடு விற்பனை, பேக்கிங், அனுப்புதல் எல்லாவற்றையும் பார்த்துக்கொள்கிறார். நான் அவர்களுக்கும் இன்னும் சில பட்டறைகளுக்கும் கணக்கு எழுதிக் கொடுப்பவன். இந்த விவகாரத்தில் போன கடிதங்களை எழுதியதும் நான்தான். குடும்பத்தின் சம்மதத்தோடு, ஆட்களின் பெயரையும் பார்சல் நிறுவனத்தின் பெயரையும் தவிர்த்து, நடந்ததை வரிசையாகப் பதிகிறேன்.

புனேயில் வீணை கற்கும் ஒரு மாணவிக்காக அவருடைய தந்தை 2023 தொடக்கத்தில் ஓர் ஒட்டு வீணைக்குச் சொல்லியிருந்தார். குடம் (ஒலி எழும் உருண்டைப் பகுதி), தண்டி (நீண்ட கழுத்து), யாளிமுகம் ஆகியவற்றைத் தனித்தனியாகச் செய்து இணைப்பது ஒட்டு வீணை; ஒரே மரத்தில் குடைந்தெடுப்பது ஏகாண்ட வீணை. இரண்டுக்கும் மரம் பலாதான். தண்டியின் மேல் மெழுகை வார்த்து, அதில் 24 மெட்டுகளை (தந்தியை அழுத்தி வாசிக்கும் உலோகப் பட்டைகளை) சுருதி பார்த்துப் பதிப்பார்கள். மேளம் கட்டுவது என்பது அதைத்தான். தேன்மெழுகில் கரித்தூள் சேர்த்துக் காய்ச்சிய அந்தக் கருமெழுகு, வெயில் ஏறினால் இளகும். இங்கே ஒட்டையும் மெழுகையும் சொல்லி வைப்பதற்குக் காரணம் உண்டு. பின்னால் நடந்த இழப்பீட்டுப் பேச்சு பாதி இவற்றைச் சுற்றித்தான் போனது.

வீணைக்கு 46,000 ரூபாய், ஃபைபர் பெட்டிக்கு 6,000 ரூபாய். மொத்தம் 52,000. முழுப் பணமும் ஏப்ரலிலேயே வந்துவிட்டது.

புக்கிங் மேசையில்

2023 மே 4, வியாழக்கிழமை. கத்திரி தொடங்கிய நாள். மகன் தந்திகளைத் தளர்த்தி, குதிரையையும் (தந்திகளைத் தாங்கும் சிறு பாலம்) சுரைக்காயையும் கழற்றித் தனியே சுற்றி, வீணையை ஃபைபர் பெட்டியில் வைத்து, அந்தப் பெட்டியை ரீப்பர் கட்டையால் அடித்த சட்டத்துக்குள் இறக்கியிருந்தார். இடைவெளி முழுக்க ஸ்பாஞ்ச். வாடிக்கையாளருக்கு அனுப்புவதற்காகச் சட்டத்தை ஆணியடித்து மூடும் முன் இரண்டு படங்கள் எடுத்தார். அந்தப் படங்கள் பிறகு எவ்வளவு உதவும் என்று அப்போது யாருக்கும் தெரியாது.

பார்சல் ஆபீஸில் சீட்டு போட்டவர் மதிப்பு என்ற கட்டத்துக்கு வந்ததும் விலையைக் கேட்டார். மகன் ஐம்பத்திரண்டாயிரம் என்றார்.

"தம்பி, அம்பதாயிரத்துக்கு மேல போட்டா ஈ-வே பில் கேப்பாங்க. வழியில நிறுத்திட்டா உங்களுக்குத்தான் லேட்டு. பத்தாயிரம்னு போட்டுக்கிறேன்."

ஈ-வே பில் என்பது சரக்கை வண்டியில் கொண்டுபோக ஜி.எஸ்.டி. இணையதளத்தில் எடுக்கும் சீட்டு. மகன் சரி என்றார். கட்டண விவரத்தில் எஃப்.ஓ.வி. என்ற வரிக்கு நேரே 50 ரூபாய் இருந்ததைப் பார்த்து, "இது என்னண்ணே?" என்று கேட்டார்.

"அது இன்சூரன்ஸ் மாதிரி."

அந்த ஒரு வார்த்தையை நம்பி மகன் கையெழுத்துப் போட்டார். சரக்குக் கூலி 1,290, டாக்கெட் 100, எஃப்.ஓ.வி. 50, வீட்டு டெலிவரி 200, வரி நீங்கலாக மொத்தம் 1,640 ரூபாய். சீட்டின் மூலையில், ஓனர்ஸ் ரிஸ்க் (அபாயம் சரக்குக்காரருடையது) என்ற சிறிய கட்டத்தில் டிக் போட்டிருந்தது. அதை அவர் பார்க்கவில்லை. பார்த்திருந்தாலும் பொருள் புரிந்திருக்காது என்று பிறகு என்னிடம் சொன்னார்.

இரண்டு செய்திகளை இங்கேயே சொல்லிவிட வேண்டும். உள்நாட்டில் கையால் செய்த இசைக்கருவிகளுக்கு ஜி.எஸ்.டி. கிடையாது, வீணை அந்தப் பட்டியலில் இருக்கிறது. அப்படி விலக்குப் பெற்ற பொருளுக்கு, மதிப்பு 50,000 ரூபாயைத் தாண்டினாலும் ஈ-வே பில் தேவையில்லை. ஆக, எந்தப் பயத்தில் மதிப்பைக் குறைத்தார்களோ அந்தப் பயத்துக்கே இடமில்லை. கணக்கு எழுதும் எனக்கு இது தெரியும். அவர்கள் அனுப்பும் பொருள் இது ஒன்றுதான் என்றிருக்க, நான் முன்பே சொல்லி வைத்திருக்க வேண்டும், சொல்லவில்லை. இரண்டாவது, எஃப்.ஓ.வி. என்பது சரக்கின் மதிப்பை வைத்துப் பார்சல் நிறுவனம் வாங்கும் கட்டணம். இன்சூரன்ஸ் கம்பெனிக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. ஓனர்ஸ் ரிஸ்க்கில் வாங்கும் குறைந்தபட்சத் தொகை ஒன்று. கேரியர்ஸ் ரிஸ்க் (அபாயம் பார்சல் நிறுவனத்துடையது) என்று குறித்து, சதவீதக் கணக்கில் வாங்கும் கூடுதல் தொகை வேறொன்று. சீட்டில் இரண்டுமே எஃப்.ஓ.வி. என்ற ஒரே பெயரில்தான் வருகின்றன.

புனேயில் பெட்டி இறங்கியபோது

ஆறு நாளில் போய்ச் சேரும் என்றார்கள். ஒன்பதாம் நாள், மே 13, சனிக்கிழமை மதியம் போய்ச் சேர்ந்தது. சட்டத்தின் ஒரு மூலை நொறுங்கி, ஒரு ரீப்பர் கட்டையே காணாமல் போயிருந்தது. மேல்பக்கம் என்று வரைந்த அம்புக்குறி தரையைப் பார்த்து இருந்தது. மாணவியின் தந்தை அங்கேயே பிரித்துப் பார்க்க வேண்டும் என்றார். கொண்டு வந்தவர், இன்னும் பதினோரு வீடு பாக்கி, கையெழுத்து வேண்டும் என்று நின்றார். நல்ல நிலையில் பெற்றுக்கொண்டேன் என்ற வாசகம் ஏற்கெனவே அச்சாகியிருந்த தாளில் மாணவியின் தந்தை கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்.

ஆனால் கையெழுத்துக்கு முன்பு அவர் ஒரு நல்ல காரியம் செய்திருந்தார். நொறுங்கிய மூலையை மூன்று படங்கள் எடுத்தார். ஒன்றில் டாக்கெட் எண் ஒட்டிய சீட்டும், தள்ளுவண்டியைப் பிடித்திருக்கும் டெலிவரி ஊழியரின் கையும் தெளிவாகத் தெரிந்தன. வீட்டுக்குள் கொண்டு போனதும் பிரிப்பது முழுவதையும் நிறுத்தாமல் ஒரே வீடியோவாக எடுத்தார்.

நொறுங்கிய மூலைக்கு நேர் கீழே ஃபைபர் பெட்டி பிளந்திருந்தது. அதற்கு நேர் கீழே குடத்தின் விளிம்பிலிருந்து உள்நோக்கி ஏறக்குறைய ஏழு அங்குலத்துக்கு விரிசல். இது போக, 24 மெட்டுகளில் ஒன்பது இடம் நழுவிச் சாய்ந்திருந்தன. தண்டியும் யாளிமுகமும் சுரைக்காயும் பழுதில்லாமல் இருந்தன.

அவர் தஞ்சாவூருக்குப் போன் செய்தபோது நானும் பட்டறையில் இருந்தேன். பெரியவர் ஒன்றே ஒன்றுதான் கேட்டார்.

"விரிசல் ஒட்டுல இருக்கா, மரத்துல இருக்கா?"

"மரத்துலதான் ஐயா. ஓரத்துலேருந்து நடுவுக்கு ஓடுது. ஒட்டு அப்படியே இருக்கு."

"அப்ப அது அடி. சூட்டுல விட்டா ஒட்டுதான் முதல்ல வாய் திறக்கும்."

பிறகு வந்த எந்தக் கடிதத்திலும் இதைவிடத் தெளிவாக யாரும் எதையும் சொல்லவில்லை. அன்று மாலையே படங்கள், வீடியோ, டாக்கெட் எண், விலைப்பட்டியல் எல்லாவற்றையும் சேர்த்துப் பார்சல் நிறுவனத்துக்கு மின்னஞ்சல் போனது. வீணையையும் பெட்டியையும் உடைந்த சட்டத்தையும் நகர்த்தாமல் அப்படியே வைத்திருக்கச் சொன்னோம். மே 17 அன்று நிறுவனத்தின் ஆள் புனே வீட்டுக்கு வந்து படம் எடுத்துப் போனார்.

காகிதத்தில் இருந்த எண்கள்

ஜூன் 2 அன்று நிறுவனத்தின் பதில் வந்தது. சீட்டின் பின்புற நிபந்தனைப்படி தங்கள் பொறுப்பு அதிகபட்சம் 500 ரூபாய். நல்லெண்ண அடிப்படையில் அதைத் தரத் தயார்.

மகன் கொதித்துப் போனார். 52,000 ரூபாய்க்கு வழக்குப் போட வேண்டும் என்றார். அந்தக் கோபம் எனக்கும் இருந்தது. ஆனால் கோபத்தோடு சட்டத்தைப் படித்தபோது, எங்கள் கையிலிருந்த சீட்டே எங்களுக்கு எதிராகப் பேசுவது தெரிந்தது.

வக்கீல்கள் கேரேஜ் பை ரோடு ஆக்ட் என்று சொல்லும் 2007-ஆம் ஆண்டுச் சட்டம்தான் இதற்கு அடிப்படை. 1865-ஆம் ஆண்டின் பழைய கேரியர்ஸ் சட்டத்தை நீக்கிவிட்டு வந்தது இது; 2011-இல் விதிகளோடு நடைமுறைக்கு வந்தது. லாரி சர்வீஸ் மட்டுமல்ல, வீட்டிலிருந்து வீட்டுக்குக் கொண்டுபோகும் கூரியர் நிறுவனங்களும் இதற்குள் அடங்கும். அரசு அடங்காது, அஞ்சல் துறைக்குத் தனிச் சட்டம்.

இந்தச் சட்டம் அனுப்புகிறவருக்கு ஒரு பெரிய பலம் தருகிறது. சரக்கு தொலைந்தாலோ சேதமானாலோ, அது நிறுவனத்தின் அலட்சியத்தால்தான் நடந்தது என்று அனுப்பியவர் நிரூபிக்க வேண்டியதில்லை. 12-ஆவது பிரிவு அப்படிச் சொல்கிறது. இயற்கைச் சீற்றம், போர், கலவரம், சட்டப்படியான பறிமுதல், அரசின் தடை உத்தரவு போன்றவை தவிர மற்றக் காரணங்களால் வரும் சேதத்துக்கு நிறுவனமே பொறுப்பு என்று 17-ஆவது பிரிவு சொல்கிறது. பழைய சட்டத்திலும் நிரூபிக்கும் பாரம் இப்படித்தான் இருந்தது. 2010-இல் சரண் ஸ்பின்னிங் மில்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு, நுகர்வோர் மன்றங்களிலும் இந்த விதி பொருந்தும் என்று உறுதி செய்தது.

இவ்வளவு பலமும் பொறுப்பு யாருடையது என்ற கேள்வியோடு நின்றுவிடுகிறது. எவ்வளவு என்பது வேறு கேள்வி. அதற்குப் பதில் 10-ஆவது பிரிவிலும் 2011 விதிகளின் 12-ஆவது விதியிலும் இருக்கிறது. கூடுதல் அபாயக் கட்டணம் கட்ட அனுப்புகிறவர் வெளிப்படையாக ஒப்புக்கொள்ளாவிட்டால், நிறுவனத்தின் பொறுப்பு சரக்குக் கூலியைப் போலப் பத்து மடங்கோடு முடிந்துவிடும். அந்தப் பத்து மடங்கும் சீட்டில் எழுதிய மதிப்பைத் தாண்டக் கூடாது.

எங்கள் சீட்டில் கணக்குப் போட்டுப் பார்த்தோம். கூலி என்று தனியே இருக்கும் 1,290-ஐ எடுத்தால் பத்து மடங்கு 12,900. மொத்தக் கட்டணத்தையும் கூலியாகக் கொண்டால் 16,400. எப்படிக் கணக்கிட்டாலும், எழுதிய மதிப்பு 10,000 என்பதால் அதற்கு மேல் போக வழியில்லை. உண்மையான விலையை எழுதியிருந்தால், ஒரு ரூபாய் கூடுதலாகக் கட்டாமலே குறைந்தது 12,900 வரை கேட்டிருக்கலாம். கேரியர்ஸ் ரிஸ்க் போட்டிருந்தால் அந்த நிறுவனத்தின் அப்போதைய விகிதமான இரண்டு சதவீதப்படி 1,040 ரூபாய் செலவாகியிருக்கும். 52,000 வரை கேட்டிருக்கலாம். மேசையில் கடந்த அந்த இரண்டு நிமிடத்தில் தீர்மானமானது இந்தத் தொகைகள்தான்.

எதைக் கேட்பது, எதை விடுவது

பெரியவரோடு உட்கார்ந்து சேதத்தை இரண்டாகப் பிரித்தோம். குடத்தின் விரிசலும் பெட்டியின் பிளவும் அடியால் வந்தவை. மரச்சட்டம், பெட்டி, குடம் மூன்றிலும் சேதம் ஒரே நேர்கோட்டில் இருந்தது. மெழுகு இளகி மெட்டு நழுவியது கத்திரி வெயிலில் மூடிய லாரிக்குள் ஒன்பது நாள் கிடந்ததால் வந்தது. தாமதம் அவர்களுடையதுதான், ஆனாலும் மெழுகின் குணம் அது, ஆறு நாளிலும் இளகியிருக்கலாம். மேளம் கட்டுவது எந்த வீணைக்கும் சில ஆண்டுகளுக்கு ஒரு முறை வரும் பராமரிப்பு வேலையும்கூட.

மெழுகுச் சேதத்தைக் கோரிக்கையில் சேர்க்க வேண்டாம் என்று நான் சொன்னேன். மகனுக்கு அது பிடிக்கவில்லை. எல்லாவற்றையும் கேட்டால்தானே பாதியாவது வரும் என்றார். எனக்கு வேறு பயம் இருந்தது. மெழுகைச் சேர்த்தால் அவர்களின் பதில் முழுவதும் வெப்பத்தைப் பற்றியதாகிவிடும். ஒட்டு வீணை, வெப்பத்தில் விட்டுப் போச்சு என்று விரிசலையும் அதோடு சேர்த்துக் கட்டிவிடுவார்கள். அடி என்று ஐயமில்லாமல் சொல்லக்கூடிய சேதத்தை மட்டும் கேட்டால், அந்தப் பக்கம் போக அவர்களுக்கு வழியிருக்காது. பெரியவர் என் பக்கம் நின்றார். மெழுகு நம்ம பொறுப்பு, அதைக் கேட்கக் கூடாது என்று அவர் வேறொரு காரணம் சொன்னார். கத்திரியில் அனுப்பியிருக்கவே கூடாது என்பது அவர் எண்ணம்.

இன்னொரு கேள்வியும் இருந்தது: நஷ்டம் யாருடையது? மாணவியின் தந்தை தாமாகவே பாதியை ஏற்றுக்கொள்ள முன்வந்தார். 1930-ஆம் ஆண்டின் சரக்கு விற்பனைச் சட்டப்படி, விற்றவர் பொருளைப் பார்சல்காரரிடம் ஒப்படைத்தாலே வாங்கியவரிடம் ஒப்படைத்தது போலத்தான். அதை வைத்து அவர் தலையில் முழு நஷ்டத்தையும் கட்டப் பார்ப்பவர்களும் உண்டு. ஆனால் அதே சட்டத்தின் 39-ஆவது பிரிவு அடுத்த வரியிலேயே சொல்கிறது: பொருளின் தன்மைக்கு ஏற்ற நியாயமான ஒப்பந்தத்தை விற்றவர் பார்சல்காரரோடு செய்திருக்க வேண்டும், செய்யத் தவறினால், வாங்கியவர் அந்த ஒப்படைப்பை ஏற்க மறுக்கலாம், நஷ்டத்தை விற்றவரிடமே கேட்கலாம். 52,000 ரூபாய் வீணையைப் பத்தாயிரம் என்று எழுதி, ஓனர்ஸ் ரிஸ்க்கில் ஏற்றியதை நியாயமான ஒப்பந்தம் என்று யாரும் வாதாட முடியாது. பெரியவருக்குப் பிரிவு எண் எதுவும் தேவைப்படவில்லை. "பொண்ணு கையில நல்ல வீணை போய்ச் சேர்ற வரைக்கும் அது நம்ம வீணைதான்" என்றார். பாதிப் பணத்தை அவர் வாங்கிக்கொள்ளவில்லை.

நோட்டீஸ்

வழக்கோ மன்றமோ, எதற்குப் போவதானாலும் 16-ஆவது பிரிவின்படி எழுத்து மூலம் அறிவிப்பு கொடுத்திருக்க வேண்டும். புக்கிங் செய்த நாளிலிருந்து 180 நாளுக்குள் அது போய்ச் சேர வேண்டும். பொருள் கிடைத்த நாளிலிருந்து என்று பலர் நினைத்துக்கொள்கிறார்கள். சட்டம் சொல்வது புக்கிங் நாளை. எங்களுக்குக் கெடு அக்டோபர் 31. வாடிக்கையாளர் சேவையில் கிடைக்கும் புகார் எண்ணை நோட்டீஸ் என்று நம்பிக் காலத்தைக் கடத்தியவர்களை நான் பார்த்திருக்கிறேன். ஜூன் 12 அன்று ஒப்புகைச் சீட்டோடு பதிவுத் தபாலில் அனுப்பினோம்.

நோட்டீஸ் இரண்டு பக்கம். முதல் பக்கத்தில் நாள் வாரியாக நடந்தது. இரண்டாவதில் கோரிக்கை: புதுக் குடம் வைக்கும் செலவு 17,500, பெட்டி 6,000, வீணை திரும்பி வரும் கூலி. சீட்டில் எழுதிய மதிப்பு 10,000 என்பதை நாங்கள் மறைக்கவில்லை. அதை எழுதச் சொன்னது அவர்களுடைய ஊழியர்தான் என்பதைக் குறிப்பிட்டோம். கூடுதல் அபாயக் கட்டணத்தை வசூலிக்க வேண்டுமானால், அந்த விகிதத்தை ஆங்கிலத்திலும் மாநில மொழியிலும் எழுதிப் புக்கிங் செய்யும் இடத்தில் மாட்டியிருக்க வேண்டும் என்று 11-ஆவது பிரிவு சொல்கிறது. அந்த ஆபீஸில் தமிழில் எதுவும் மாட்டியிருக்கவில்லை, அதையும் எழுதினோம். சட்டமே ஒரு வரம்பு வைத்திருக்கும்போது, சீட்டின் பின்புறம் 500 ரூபாய் என்று அச்சடித்துத் தனி வரம்பு வைப்பதை ஏற்க முடியாது என்பது எங்கள் வாதம்.

ஜூலை 3 அன்று வந்த பதிலில் மூன்று மறுப்புகள் இருந்தன. நல்ல நிலையில் பெற்றதாகக் கையெழுத்து இருக்கிறது, பேக்கிங் போதவில்லை, பொறுப்பு 500 ரூபாய்தான். முதல் இரண்டுக்கும் எங்களிடம் படங்கள் இருந்தன. டெலிவரி ஊழியரின் கை தெரியும் படம், கையெழுத்துக்கு முன்பே மரச்சட்டம் உடைந்திருந்ததைக் காட்டியது. மூடும் முன் மகன் எடுத்த படங்கள், பேக்கிங் எப்படி இருந்தது என்பதைக் காட்டின.

வழக்கா, சமரசமா

தெரிந்த வக்கீல் ஒருவரிடம் போனோம். அவர் முதலில் எடுத்துக் காட்டியது பாரதி நிட்டிங் கம்பெனி வழக்கு. பின்னலாடை நிறுவனம் ஒன்று ஜெர்மனியில் இருந்த தன் வாடிக்கையாளருக்குக் கூரியரில் அனுப்பிய ஆவணங்கள் போய்ச் சேரவில்லை. நிறுவனத்துக்குப் பெரிய நஷ்டம். கையெழுத்திட்ட சீட்டில் பொறுப்பு 100 டாலர் என்று இருந்தது. 1996-இல் உச்ச நீதிமன்றம் அந்த 100 டாலரையே உறுதி செய்தது. நிபந்தனைகள் உள்ள ஆவணத்தில் கையெழுத்திட்டவர், படிக்காமலே போட்டிருந்தாலும், பொதுவாக அதற்குக் கட்டுப்பட்டவர் என்பதே அந்தத் தீர்ப்பின் சாரம். நாங்கள் அவர்களின் 500 ரூபாயை 2007 சட்டத்தைக் காட்டி எதிர்க்கலாம். ஆனால் மதிப்பு பத்தாயிரம் என்று கையெழுத்திட்டது நாங்கள்தான், அதைத் தாண்டுவது கடினம் என்றார் வக்கீல்.

நுகர்வோர் ஆணையத்துக்குப் போவதிலும் ஒரு முடிச்சு இருந்தது. 2019-ஆம் ஆண்டுச் சட்டத்தில், வணிக நோக்கத்துக்காகச் சேவை பெறுபவர் நுகர்வோர் அல்லர். சுயதொழில் செய்து பிழைப்பவருக்கு ஒரு விலக்கு உண்டு, ஆனால் அதன் வாசகம் வாங்கிய பொருளைத்தான் சொல்கிறது, சேவையைச் சொல்லவில்லை. ஒரு வீணைப் பட்டறை பெற்ற சேவையும் அதற்குள் வரும் என்று வாதாடிப் பார்க்கலாம். இருந்த ஊரிலேயே வழக்குப் போடலாம். இவ்வளவு சிறிய கட்டணத்துக்கான சேவை என்பதால் மனுவுக்குக் கட்டணமும் இல்லை. இதெல்லாம் சாதகம். ஆனால் ஒன்றிரண்டு ஆண்டு ஆகலாம், அதுவரை உடைந்த குடத்தைச் சாட்சிப் பொருளாக வைத்திருக்க வேண்டும். மாணவிக்கு டிசம்பரில் ஒரு கச்சேரி இருந்தது.

இந்தக் கடைசிக் காரணம்தான் முடிவு செய்தது. பத்தாயிரம் முழுவதும், வீணை திரும்பி வரும் கூலியும் கிடைத்தால் போதும், அதற்குக் கீழே இறங்குவதில்லை என்று தீர்மானித்தோம். ஜூலை 19 அன்று நிறுவனத்தின் வட்டார அதிகாரியோடு நேரில் பேசினோம். நோட்டீஸையும் படங்களையும் சட்டத்தின் நகலையும் மேசையில் வைத்தோம். அரை மணி நேரத்தில் ஒப்புக்கொண்டார். 10,000 ரூபாய் காசோலை, வீணையைப் புனேயிலிருந்து இலவசமாகத் திருப்பிக் கொண்டுவருவது, இரண்டும் எழுத்தில். அதிகாரி மரியாதையாகவே நடந்துகொண்டார் என்பதையும் பதிய வேண்டும். புக்கிங் ஆபீஸில் மதிப்பைக் குறைத்து எழுதச் சொல்லும் பழக்கத்தைப் பற்றிக் கேட்டபோது மட்டும் பதில் சொல்லவில்லை.

முடிவு

காசோலை ஆகஸ்ட் 8 அன்று வந்தது. வீணை அதற்கு முன்பே தஞ்சாவூர் வந்துவிட்டது. விரிசலை அடைத்துவிடலாம் என்று மகன் நினைத்தார். பெரியவர் குடத்தைத் தட்டிப் பார்த்துவிட்டு, வேண்டாம் என்று தலையசைத்தார். புதுக் குடம் வைத்து, முழுவதும் மேளம் கட்டி, புதுப் பெட்டி போட 26,000 ரூபாய் ஆனது. பத்தாயிரம் போக, 16,000 குடும்பத்தின் கையிலிருந்து போனது. பெரியவர் போட்ட கூலியை இதில் அவர் சேர்க்கவில்லை.

மாற்றிக்கொண்டவை

இப்போது சீட்டில் மதிப்பை மகன் தன் கையால் எழுதுகிறார், விலைப்பட்டியலின் நகலையும் அதோடு இணைக்கிறார். ஈ-வே பில் தேவையில்லை என்ற விளக்கத்தைத் தமிழிலும் ஆங்கிலத்திலும் ஒரு தாளில் அச்சடித்துக் கொடுத்திருக்கிறேன். மரச்சட்டத்தின் மேல் அதையும் ஒட்டுகிறார்கள்.

இருபதாயிரத்துக்கு மேற்பட்ட பொருள் என்றால் கேரியர்ஸ் ரிஸ்க் அல்லது தனி டிரான்சிட் இன்சூரன்ஸ், இரண்டில் ஒன்று கட்டாயம். இரண்டும் ஒன்றல்ல. கேரியர்ஸ் ரிஸ்க்கில் பணம் தர வேண்டியது பார்சல் நிறுவனம். அதன் பொறுப்பு நிலைநாட்டப்பட வேண்டும். இன்சூரன்ஸில் பணம் தருவது காப்பீட்டு நிறுவனம். பிறகு அது பார்சல் நிறுவனத்திடம் வசூலித்துக்கொள்ளும். அதற்காகவே காப்பீட்டு நிறுவனம் நம்மிடம் இரண்டு காகிதம் கேட்கும்: பார்சல் நிறுவனத்துக்கு நாம் கொடுத்த நோட்டீஸ், அவர்கள் தரும் சேதச் சான்று. இவற்றை விட்டுவிட்டால் இன்சூரன்ஸ் இருந்தும் பணம் சிக்கிக்கொள்ளும். பொருளின் இயல்பால் வரும் கேடும் போதாத பேக்கிங்கும் பாலிசியில் பொதுவாக விலக்கப்பட்டவை. அதனால் மெழுகு இளகினால் அங்கேயும் கிடைக்காது.

வெளிநாட்டுக்கு விமானத்தில் போகும் வீணைகளுக்குக் கணக்கே வேறு. அங்கே 1999-ஆம் ஆண்டின் மாண்ட்ரியல் உடன்படிக்கைப்படி வரம்பு எடையை வைத்து வருகிறது: கிலோவுக்கு 22 சிறப்பு எடுப்புரிமை அலகுகள் (பன்னாட்டு நாணய நிதியத்தின் கணக்கு அலகு, எஸ்.டி.ஆர்.) என்றிருந்தது, 2024 டிசம்பர் 28 முதல் 26 ஆகியிருக்கிறது. அனுப்பும்போதே மதிப்பை அறிவித்துக் கூடுதல் கட்டணம் கட்டினால் இந்த வரம்பு பொருந்தாது. சேதத்தை 14 நாளுக்குள் எழுத்தில் சொல்லிவிட வேண்டும். சிங்கப்பூருக்குப் போகும் அடுத்த வீணையின் கோப்பில் இந்தத் தேதியை முதல் பக்கத்திலேயே எழுதி வைத்திருக்கிறோம்.

வாங்குகிறவருக்குப் பார்சலோடு ஒரு குறுஞ்செய்தி போகிறது: வெளிக்கட்டு சேதமாயிருந்தால் கையெழுத்துக்கு மேலே, மரச்சட்டம் உடைந்த நிலையில், பிரிக்காமல் பெற்றேன் என்று எழுதுங்கள், எழுத விடாவிட்டால் படம் எடுங்கள், பிரிப்பதை நிறுத்தாமல் வீடியோ எடுங்கள், கட்டையைக்கூடத் தூக்கிப் போடாதீர்கள்.

பெரியவர் தன் பங்குக்கு ஒரே ஒரு மாற்றம் செய்தார். சித்திரை பாதியிலிருந்து வைகாசி முடியும்வரை பட்டறையிலிருந்து எந்த வீணையும் லாரியில் ஏறுவதில்லை.

புனே வீணை செப்டம்பர் 14 அன்று மறுபடி புறப்பட்டது. மதிப்பு 52,000, கேரியர்ஸ் ரிஸ்க், எஃப்.ஓ.வி. 1,040 ரூபாய். ஏழாம் நாள் போய்ச் சேர்ந்தது. மாணவியின் தந்தை இந்த முறை டெலிவரி ஊழியருக்கு மோர் கொடுத்து உட்கார வைத்துவிட்டு, மரச்சட்டத்தைச் சுற்றிப் பார்த்து, கட்டு சேதமில்லை, உள்ளே பார்க்கவில்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.